கரைநாள்

"பேர் தெரியாதவங்களுக்கு எந்த நாள்ல திதி குடுப்பாங்கம்மா?"

சுபஸ்ரீ அதைக் கேட்டபோது அவளுக்கு எட்டு வயது. காவிரிக்கரை அம்மா மண்டபத்துப் படித்துறையில் பாசி வழுக்கி ஆற்றோடு போனவளை, மண்டபத்தில் படுத்திருந்த யாரோ ஒருவர் குதித்துப் பிடித்துப் படியில் தள்ளிவிட்டார். அவர் கரையேறவில்லை. வீட்டுக்கு வந்து ஈரத்தலையோடு உட்கார்ந்த குழந்தை முதலில் கேட்டது இதைத்தான்.

"மகாளய அமாவாசைக்கு எல்லாருக்கும் சேத்துக் குடுப்பாங்கடா" என்றாள் யமுனா.

"அது எல்லாருக்கும்மா. அவருக்கு?"

உடல் கிடைக்கவில்லை. மண்டபத்தில் விசாரித்தால் ஆளுக்கொரு பெயர் சொன்னார்கள். நன்றி சொல்லக்கூட ஒரு பெயர் இல்லாமல், பெருமாளிடம் "அவரைப் பார்த்துக்கோ" என்று மட்டும் வேண்டிக்கொண்டு நாட்களை ஓட்டினாள்.

கணவன் மஸ்கட்டில். யமுனாவுக்கு வீட்டிலிருந்தே வேலை. மொபைல் விளையாட்டு செய்யும் சென்னைக் கம்பெனி ஒன்றுக்குக் கதை எழுதித் தருவாள். சமையல், ஸ்கூல், துணி, பிறகு கண் எரிய எரிய மடிக்கணினி. இந்த வருடம் புது விளையாட்டு ஒன்றுக்காக அவளிடம் கேட்டது ஒரு காலண்டர். சூரியனும் நிலவும் இல்லாத ஓர் ஆற்றுலகம்; அங்கே மக்கள் நீரைப் பார்த்துத்தான் காலத்தை எண்ணுவார்கள். புதுநீர், நுரை, செந்நீர், தெளிநீர், மணல்திட்டு, ஊற்று என்று மாதங்களுக்குப் பெயர் வைத்தாள். ஊற்று முடிந்து புதுநீர் வருவதற்கு முன் எந்த மாதத்திலும் சேராமல் ஒரு நாள் மிஞ்சியது. அதைக் கரைநாள் என்றாள். இறந்த நாள் தெரியாதவர்கள் அன்று கரையேறி வருவார்கள். பெயர் கேட்காமல் அவர்களுக்குச் சோறு போட வேண்டும். எழுதி முடித்தபோது நெஞ்சில் பாரம் கொஞ்சம் இறங்கியது போலிருந்தது.

"நல்லா இருக்கு யமுனா, ஆனா பயம் பத்தல" என்றார் மேலாளர் ஜோஸ். "பயம் இருந்தாத்தான ஆடுவாங்க?"

அசதியில், வாதாடத் தெம்பில்லாமல், யமுனா இன்னொரு வரி சேர்த்தாள்: சோறு போடாத வீட்டிலிருந்து ஒருவரைத் தங்களோடு அழைத்துப் போவார்கள்.

அந்த ஆடியில் ஒரு நாள் காலை சமையலறைக் காலண்டரில் நேற்றைய தாளைக் கிழித்தாள். அடியில் இருந்த தாளில் தேதி இல்லை. கிழமை, ராகுகாலம் எதுவுமில்லை. வெறும் தாள். தொட்டால் ஈரம். அச்சுப் பிழை, மழைச்சாரல் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு அடுப்பைப் பற்றவைத்தாள்.

மதியம் ஜோஸ் கூப்பிட்டார். "யமுனா, கரைநாள் இன்னிக்கு லைவ் ஆயிடுச்சு! கேம்ல அத்தன பேரும் வாசல்ல சோறு வெச்சிட்டு உக்காந்திருக்கானுங்க. எங்க வீட்டுல எனக்கு ஒரு வாய் போட ஆளில்ல!"

யமுனா சிரித்துவைத்தாள். அவள் பார்வை ஈரத்தாளின் மேலேயே இருந்தது.

விளக்கு வைக்கும் நேரத்தில் கரண்ட் போயிற்று. மேட்டூரில் திறந்த தண்ணீர் காவிரியில் இரு கரையும் தொட்டு ஓடிக்கொண்டிருந்தது. அதன் இரைச்சல் வழக்கமாக அவர்கள் குடியிருந்த மூன்றாம் மாடிவரை எட்டாது, இன்றோ அடுத்த அறையில் யாரோ ஓயாமல் பாய் சுருட்டுவது போலக் கேட்டது. ஜன்னல் வழியே வண்டலும் அழுகிய பூமாலையும் கலந்த வாடை வந்து, ஊதுபத்தியை அமுக்கி, துணிகளில், தலையணையில், மோர்ப் பாத்திரத்தில்கூட மெல்ல ஏறிக்கொண்டது. பிறகு படிக்கட்டில் ஒரு சத்தம். ஈரத்துணியைத் தரையில் போட்டது போல.

நின்றது. இன்னொரு படி. நின்றது.

"அம்மா, வெளிய யாரோ நிக்கிறாங்கம்மா."

"மேல் வீட்டுக்காரங்களா இருக்கும்."

"இல்லம்மா. தட்டாம நிக்கிறாங்க. நான் போய்ப் பாக்கட்டா?"

"கூடாது!" கத்திவிட்டாள். மகளின் முகம் சுருங்கியதும் அவளை அணைத்துக்கொண்டாள். "நீ உள்ள போய்ப் படுடா. அம்மா கூப்பிடாம கதவத் திறக்காத."

படுக்கையறைக் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள். திரும்பினாள்.

வாசல் கதவின் அடியில் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. செந்நீர். அது கூடத்தில் பரவவில்லை. கோடு போட்டது போல நேராக, படுக்கையறையை நோக்கிப் போயிற்று. போய், தாழிட்ட கதவின் முன்னால் நின்றது.

அழைத்துப் போவார்கள். அவளே எழுதியது.

பானையில் மதியச் சோறு இருந்தது. பிசைந்தாள். மோர் விட்டாள். உப்புப் போட்டாள். நார்த்தங்காய் ஒரு துண்டு. ஓர் இலை. "ரங்கநாதா" என்றாள். வேறு வார்த்தை வரவில்லை.

கதவைத் திறந்தாள்.

முகத்தைப் பார்க்கத் துணிவில்லை. கால்கள் தெரிந்தன. நெடுநாள் நீரில் ஊறி வெளுத்த கால்கள். விரலிடுக்கில் மணல். அவர்தானா? கேட்கக் கூடாது.

குனிந்து இலையைப் போட்டாள். சோற்றை வைத்தாள்.

"சாப்பிடுங்க" என்றாள். "புள்ள நல்லா படிக்கிறா. பசியாறுங்கண்ணே."

அவர் உட்கார்ந்தார். மெல்லும் சத்தம் இல்லை. சோறு மட்டும் குறைந்தது. படுக்கையறை வாசலில் நின்ற நீர் மெதுவாகத் திரும்பி, வந்த வழியே வடிந்தது. யமுனா கதவு நிலையைப் பிடித்தபடி அழுதாள்.

சாவு வீட்டில் சாப்பிட்டவர்கள் இலையை வெளிப்புறமாக மடிப்பார்கள். இந்தச் சாப்பாடு இதோடு போகட்டும் என்று. கல்யாண வீட்டில் உட்புறமாக, தன்னை நோக்கி மடிப்பார்கள். உறவு தொடரட்டும் என்று.

வெளுத்த கை நீண்டது. இலையைத் தன்னை நோக்கி மடித்தது.

பிறகு அவர் எழுந்து, அடுத்தவருக்கு வழிவிட்டுச் சுவரோரம் ஒதுங்கினார்.

யமுனா அப்போதுதான் நிமிர்ந்தாள். படிக்கட்டு நிறைய நின்றார்கள். படிக்கட்டு ஜன்னலுக்குக் கீழே தெருவிலும் நின்றார்கள். மின்சாரமில்லாத வீடுகளைக் கடந்து, மண்டபத்தைக் கடந்து, ஆறு வரைக்கும். ஆண்கள், பெண்கள், இடுப்பில் குழந்தைகள். கையில் ஆளுக்கோர் ஈர இலை.

யாரும் அவளைப் பார்க்கவில்லை. எல்லோரும் அவளுக்குப் பின்னால் இருந்த சின்னப் பானையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.