திறந்து கிடந்த காற்றுக்கதவு

செவ்வாயில் ஒரு வீட்டை இடிப்பதற்கு முன் அதன் சுவர்களிடம் வாக்குமூலம் வாங்கிவிட வேண்டும் என்பது சட்டம். சுவருக்குள் ஓடும் பதிவுநார் ஐம்பது வருடத்துச் சங்கதிகளையும் பிடித்து வைத்திருக்கும். பழைய குடியிருப்பாளர்கள் பார்த்துக் கையெழுத்திட்டால்தான் இடிப்பு இயந்திரம் உள்ளே வரும். பெரும்பாலோர் பார்க்காமலே கையெழுத்துப் போட்டுவிட்டுப் போய்விடுவார்கள்.

சேவியர் பார்க்க வந்திருந்தான். அக்கா ரெஜினாவையும் இழுத்து வந்திருந்தான். அவனுக்கு ஆறு வயதானபோது, தோட்ட அறையின் காற்று வெளியே போகாமல் அடைத்து வைக்கும் காற்றுக்கதவு திறந்து கிடந்ததால், அங்கே தூங்கிக்கொண்டிருந்த அப்பா தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார். திறந்து போட்டது சேவியர் என்றாள் அக்கா. அம்மா சாகும்வரை அவன் முகம் பார்த்துப் பேசவில்லை. தாழ்ப்பாளின் சில்லிப்பு நாற்பது வருடமாக அவன் உள்ளங்கையில் இருந்தது. தன் பாவத்தை ஒருமுறை கண்ணால் பார்த்து அழுதுவிட்டுப் போகலாம் என்றுதான் வந்தான்.

சுவர்த்துறை ஊழியர் பொன்னுலிங்கம் பொத்தானை அழுத்தினார். அந்த மத்தியானம் சுவரில் ஓடியது. உள்ளறையில் காய்ச்சலோடு போர்த்திக்கொண்டு தூங்குகிறான் சிறுவன் சேவியர். பதினோரு வயது ரெஜினா, தோழி கூப்பிட்டதும் மூச்சுக்கவசத்தை மாட்டிக்கொண்டு, காற்றுக்கதவை அப்படியே திறந்து போட்டுவிட்டு ஓடுகிறாள்.

ரெஜினா தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"ஏல, அப்பாவக் கொன்னது நாந்தானா? நாப்பது வருசமா ஒந்தலையில போட்டுட்டனே!"

சேவியருக்குக் கோபம்கூட வரவில்லை. செய்யாத ஒன்றைத் தன் கையே நினைவு வைத்திருந்ததே என்று பயந்தான். அம்மாவிடம் இனி யார் போய்ச் சொல்வது? அக்கா ஒருத்திக்காவது தெரிந்ததே, அது போதும் என்று அவளை அணைத்துக்கொண்டான்.

தேநீர் குடித்துவிட்டு வாசலுக்கு வருவதற்குள் அவள் கண்ணீர் காய்ந்திருந்தது. அவன் தோளைத் தட்டிக்கொடுத்தாள்.

"விடுல தம்பி. சின்னப் பிள்ள, தெரியாமத் தொறந்து போட்டுட்ட. நான் அப்பவே மன்னிச்சிட்டேன்."

தாங்க முடியாத நினைவுகளைத் தானாகவே துடைத்துவிடும் மறதிச்சில்லு அந்தக் குடியேற்றத்தில் பாதிப்பேர் தலையில் உண்டு. சேவியர் பொன்னுலிங்கத்திடம் ஓடினான்.

"அண்ணாச்சி, அக்கா தலையில உள்ள சில்லு எல்லாத்தையும் அழிச்சிருச்சு! அத நிறுத்தி வச்சிட்டு இன்னொரு தடவ காட்டுங்க!"

பொன்னுலிங்கம் சோதனைக் கருவியை ரெஜினாவின் நெற்றிக்கு நேரே பிடித்துப் பார்த்தார். நம்பாமல் மறுபடியும் பார்த்தார்.

"அவங்க தலையில சில்லே இல்லையே தம்பி. பூமியில இருந்தவங்களுக்கு இருந்த அதே வெறும் மூளதான்."