ஏழாம் வீட்டு அங்கி

சரி, அந்த மஞ்சள் துவக்கை யூட் தொட்டது பிழைதான். அதில் உங்களோடு சண்டை பிடிக்க ஒன்றுமில்லை. "டேய், உது எங்கட சாமான் இல்ல, வை" என்று சிவமலர் அக்கா மூன்று தரம் சொன்னவர். அவன் கேட்கவில்லை. ஆனால் அதற்குப் பிறகு நடந்த அவ்வளவும் அவன் தலையில்தானா என்பதுதான் கேள்வி. அதற்கு முதலிலிருந்து வரவேண்டும்.

2008 நவம்பர். யூட்டுக்கு இருபத்திரண்டு வயது. நியூரம்பேர்க்கில் வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை. அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி தொடங்க இரண்டு மாதம் கிடந்தது. அதே கட்டடத்தில் கீழ்வீட்டில் இருக்கும் சிவமலர் அக்கா ஒருநாள் படியில் மறித்து, "மூண்டு கிழமை ஆப்கான்காரனா நடிக்க வாறியோ?" என்று கேட்டார். என்ன, எங்கே என்றுகூட விசாரிக்காமல் ஓம் என்றுவிட்டான்.

ஜெர்மனியின் பயேர்ன் மாநிலத்துக் காட்டுக்குள் ஒரு பெரிய இராணுவப் பயிற்சி நிலம். ஆப்கானிஸ்தானுக்குப் போகிற பல நாட்டுக் கொமாண்டோக்கள் அங்கே வந்து, வீடு வீடாகப் புகுந்து ஆள் தேடிப் பழகுவார்கள். புகுவதற்கு வீடு வேண்டுமே! அதற்காகப் பன்னிரண்டு சீமெந்து வீடுகளும், ஒட்டுப்பலகையில் ஒரு பள்ளிவாசல் கோபுரமும், வாடகைக்கு நாலு செம்மறியும். வீட்டுக்குள் இருக்க ஆட்கள் வேண்டுமே! அதற்குத் துருக்கியர், குர்தியர், ஈராக்கியர், இந்த இரண்டு தமிழர்.

பேருந்து போய் நின்ற இடத்தில் கைத்தொலைபேசிகளை வாங்கிப் பெட்டியில் போட்டார்கள். ஆளுக்கொரு அட்டை தந்தார்கள். யூட் ரொட்டிக்கடைக்காரனின் மகன். சிவமலர் அக்கா ஊர்த்தலைவரின் இரண்டாம் மனைவி.

"அப்ப மூத்த பெண்சாதி ஆரக்கா?"

"இந்தமுறை ஆள் காணாதாம். செத்துப்போனா எண்டு வை."

எந்தப் பாஷையில் கத்துவது என்று கேட்டதற்கு, உங்கள் பாஷையிலேயே கத்துங்கள், வருகிறவர்களுக்குத் தமிழும் ஒன்றுதான் பஷ்தூவும் ஒன்றுதான் என்றார் நடுவர். தொப்பியில் வெள்ளைப் பட்டி கட்டிய ஜெர்மன்காரர். சிவமலர் அக்காவுக்கு அது போதும். முதல் நாளே கதவை உடைத்துக்கொண்டு வந்த ஆறடி ஆளைப் பார்த்து, "எடேய், நாசமறுப்பானே, சப்பாத்தைக் கழட்டிப்போட்டு உள்ளுக்கு வாடா!" என்று கத்தினார். அவன் நிஜமாகவே இரண்டடி பின்னுக்கு வைத்தான்.

அது நடிப்பில்லை. போலி வீடாக இருந்தாலும் சிவமலர் அக்கா வாசலில் செருப்பைக் கழற்றாமல் உள்ளே போகமாட்டார். யூட்டையும் விடமாட்டார். அந்தப் போலி ஊரிலேயே அவர்கள் இருந்த ஐந்தாம் வீட்டு வாசலில் மட்டும்தான் இரண்டு சோடி வரிசையாகக் கிடக்கும்.

இதை மறந்துவிடாதீர்கள்.

இன்னொன்று அந்த அங்கி. எல்லோரும் மார்பில் வார் வைத்த ஓர் அங்கி போடவேண்டும். படையினரின் துவக்கில் வெற்று வெடியும் ஓர் ஒளிக்கதிரும்தான். கதிர் அங்கியில் பட்டால் அது கீச்சென்று கத்தத் தொடங்கும், நிற்காது. நீங்கள் செத்துவிட்டீர்கள். அப்படியே விழுந்து கிடக்கவேண்டும். பிறகு நடுவர் வந்து ஒரு மஞ்சள் துவக்கை உங்கள்மேல் நீட்டி விசையை அமத்துவார். கீச்சு நிற்கும். எழும்பிப் போய்க் கோப்பி குடிக்கலாம்.

உயிர் கொடுக்கும் துவக்கு. விளையாட்டுச் சாமான்போல இருக்கும்.

ஏழாம் வீடு வெறும் வீடு. அதற்கு ஆளும் இல்லை, அட்டையும் இல்லை. ஆனால் அதன் பின்னறையில் ஏதோ கத்திக்கொண்டே இருந்தது. பகலும் இரவும், மெலிந்த ஒரே கீச்சு. யூட் ஆறு நாள் பொறுத்தான். ஏழாம் நாள் மத்தியானம் நடுவர் மஞ்சள் துவக்கை வாகனத்தின்மேல் வைத்துவிட்டுக் கோப்பிக்குப் போனார். அக்கா அந்த மூன்று தரம் சொன்னதும் அப்போதுதான்.

பின்னறைச் சுவரில் ஓர் ஆணி. ஆணியில் ஒரு பழைய அங்கி, தன்பாட்டில் கத்தியபடி. அறையில் கருகிய ரொட்டி மணமும் நனைந்த கம்பளி மணமும் இருந்தன. ஊரில் ஒருவரும் அடுப்பு மூட்டுவதில்லை என்பது யூட்டுக்குப் பிறகுதான் உறைத்தது.

மஞ்சள் துவக்கை நீட்டினான். "எழும்பணை ஆச்சி, ரொட்டி சுட நேரமாச்சு" என்று பகிடி விட்டுக்கொண்டே அமத்தினான்.

கீச்சு நின்றது.

ஆணியில் தொங்கிய அங்கி மெதுவாக, மிக மெதுவாக, முன்னுக்கு உப்பியது.

ஆழமாக மூச்சிழுக்கும் ஒரு மார்புபோல.

காற்று என்று தனக்குத்தானே சொன்னபடி ஓடிவந்துவிட்டான். அந்த அறைக்கு யன்னல் கிடையாது.

அடுத்த நாள் காலை ஐந்தாம் வீட்டு வாசலில் மூன்று சோடி கிடந்தன. மூன்றாவது பெண்கள் போடும் பச்சைப் பிளாஸ்ரிக் செருப்பு. குதி தேய்ந்து, ஒரு வார் நூலால் தைக்கப்பட்டு, சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

"ஆற்ற செருப்படா இது?"

"எனக்கென்னண்டு தெரியும்?"

"உள்ளுக்கு ஆரும் வந்திருக்கினமோ?"

உள்ளே ஒருவரும் இல்லை.

பகல் பதினொரு மணி. வெளியே பால்போலப் பனிப்புகார், பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. சப்பாத்துச் சத்தம் கேட்டது. கதவு பறந்தது. முதலாவதாக உள்ளே வந்தவன் ஹெண்ட்ரிக். எந்த நாடென்று வேண்டாம், சின்ன நாடு, சின்னப் படை. எப்போதும் முதலில் நுழைகிறவன் அவன்தான். மற்ற ஐந்து பேர் அவன் முதுகைத் தொட்டபடி வருவார்கள். அவன் நின்றால் அவ்வளவு பேரும் வாசலில் நின்று சாகவேண்டியதுதான்.

ஹெண்ட்ரிக் நின்றான்.

சிவமலர் அக்கா வழமைபோல ஏசத் தொடங்கினார். அவன் அவரைப் பார்க்கவில்லை. யூட்டையும் பார்க்கவில்லை. இருவருக்கும் நடுவில், வெறும் சுவரைப் பார்த்தான். துவக்கு தானாகக் கீழே இறங்கியது.

"அவளை வெளியே எடுங்கள்" என்றான் உடைந்த ஜெர்மனில்.

"இவவையோ?" யூட் அக்காவைக் காட்டினான்.

"இல்லை. தண்ணீர் வைத்திருக்கிறவளை."

யூட்டின் இடது தோளில் குளிர்ந்த ஒரு துளி விழுந்தது.

கோப்பிக் கூடாரத்துக்கு ஹெண்ட்ரிக் தானாகவே தேடி வந்தான். ஏழாம் வீட்டு அங்கியை நிறுத்தியது யார் என்றுதான் முதலில் கேட்டான். யூட் கையை உயர்த்தினான், பள்ளிக்கூடப் பிள்ளைபோல.

ஹெண்ட்ரிக் ஏசவில்லை. ஏசியிருந்தால் நல்லாயிருந்திருக்கும். வசந்த காலத்தில் ஆப்கானிஸ்தானில் நாலு நாட்டுப் படைகள் சேர்ந்து ஒரு பள்ளத்தாக்கைப் பிடித்தனவாம். கடைசி வீட்டில் கதவுக்குப் பின்னால் அசைவு தெரிந்தது. இவன் கதவினூடாகவே சுட்டான். பின்னால் ஒரு பெண் இருந்தாள். வந்திருப்பவர்களுக்குக் கை கழுவத் தண்ணீர் கொண்டுவந்தவள்.

"இங்கே பயிற்சிக்கு வந்த அன்றைக்கு ஏழாம் வீட்டில் நின்றாள். என்ன செய்வதென்று தெரியவில்லை. ஆணியில் ஓர் அங்கியை மாட்டிச் சுட்டேன். அது கத்தியது. அவள் விழுந்தாள். அது கத்துகிற வரைக்கும் அவள் கிடப்பாள். நான்தான் பற்றரி மாற்றிக்கொண்டிருந்தேன்."

"இப்ப?"

"இப்போது எல்லா வாசலிலும் நிற்கிறாள். ஒன்பது நாளில் திரும்ப ஆப்கானிஸ்தானுக்குப் போகிறோம். என் பின்னால் ஐந்து பேர்."

"அப்ப... திரும்பச் சுடுங்கோ." யூட் ஏழாம் வீட்டுப் பக்கம் கையைக் காட்டினான்.

அந்த மத்தியானமே ஏழாம் வீட்டுக்குப் போனார்கள். ஹெண்ட்ரிக் துவக்கைத் தூக்கி அங்கியைக் குறிபார்த்தான். ஒரு நிமிடம். இரண்டு நிமிடம். நெற்றியால் வேர்வை ஓடியது.

"முதல் தரம் தெரியாமல் சுட்டேன். இரண்டாம் தரம் பயத்தில். இப்போது எனக்கு அவள் முகம் பாடம்." துவக்கை யூட்டின் கையில் திணித்தான். "நீதான் எழுப்பினாய்."

வெற்று வெடிதானே. வெறும் ஒளிதானே. அங்கிதானே. யூட் ஒரு கண்ணை மூடினான்.

ஆணியில் அங்கி தொங்கவில்லை.

அது ஆணிக்கு ஒரு சாண் முன்னால் நின்றது.

அதன் கீழே, சீமெந்தில், நனைந்த இரண்டு பாதங்கள். வெறும் பாதங்கள். பச்சைச் செருப்பு அந்த வீட்டு வாசலிலே கிடந்ததை யூட் வரும்போதே கண்டிருந்தான். அங்கியின் பக்கத்திலிருந்து ஒரு கை நீண்டது. கையில் வாய் ஒடுங்கிய ஓர் உலோகக் கூசா. அதைத் தனக்குத்தான் நீட்டுகிறாள் என்பது விளங்கியதும் யூட்டின் விரல் செத்துப்போனது. அவளுடைய வீட்டுக்கு வந்த ஆள் அல்லவா அவன்!

"என்னடா செய்யிறியள் ரெண்டு பேரும்?"

வாசலில் சிவமலர் அக்கா. செருப்பைக் கழற்றிக்கொண்டே கேட்டார். யூட் நடந்ததையெல்லாம் தமிழில் அள்ளிக்கொட்டினான். அவர் துவக்கைப் பார்த்தார், அறையைப் பார்த்தார்.

"செத்தவவைத் திரும்பவும் கொல்லவோ? வெக்கமில்லையோ? நாட்டில எங்கட வீட்டுக்கும் ஆமிக்காரர் உப்பிடித்தான் சப்பாத்துக் காலோட வந்தவங்கள். ஒருத்தன் மன்னிப்புக் கேக்கேல்ல. தள்ளு!"

அவர் நேரே போய் இரண்டு கைகளையும் ஏந்தினார். யூட் பார்த்தான்: கூசா சரிந்தது. அக்காவின் கை மணிக்கட்டுவரை நனைந்தது. கையை வாயருகே கொண்டுபோனவர் அப்படியே நின்றார். முகம் வெளிறியது. விரல்களை விரித்துவிட்டார், தண்ணீர் கீழே போனது.

"ஏலாதடா தம்பி" என்றார். "துருப்பிடிச்ச இரும்பு மாதிரி மணக்குது. என்னால ஏலாது."

அதன் பிறகு அங்கி ஆணியில்தான் தொங்கியது. கத்தவில்லை. ஹெண்ட்ரிக் புதுப் பற்றரி போட்டுப் பார்த்தான். கத்தவே இல்லை.

மிச்ச நாட்களும் அவன் ஒவ்வொரு வாசலிலும் அரைநொடி நின்றுதான் நுழைந்தான். யூட் ஒவ்வொரு முறையும் எண்ணினான். அரைநொடி. முக்கால் நொடி. கடைசி நாள் இரண்டு நொடி. தன் மேலதிகாரியிடம் ஹெண்ட்ரிக் என்ன சொல்வான்? நடுவரிடம் யூட் என்ன சொல்வான்? சொல்லத்தான் செய்தான். நடுவர் அவனுக்கு ஒருநாள் ஓய்வு கொடுத்தார். ஒன்பதாம் நாள் பேருந்து வந்தது. ஹெண்ட்ரிக் ஏறும்போது அதன் படியிலும் ஒருகணம் நின்று, யாருக்கோ வழி விட்டான்.

ஜனவரியில் நடுவர் தொலைபேசி எடுத்தார். அடுத்த பயிற்சிக்கு வருகிறாயா என்று கேட்கத்தான். பேச்சோடு பேச்சாகச் சொன்னார்: ஹெண்ட்ரிக் ஒரு வீட்டு வாசலில் நின்றுவிட்டானாம். அசையவே இல்லையாம். பின்னால் நின்றவன் அவனை விலக்கிக்கொண்டு உள்ளே போனானாம். உள்ளே வைத்திருந்த குண்டு வெடித்தது. போனவன் இல்லை. மற்ற நாலு பேருக்கும் ஒன்றுமில்லை. ஹெண்ட்ரிக்குக் கீறல்கூட இல்லை. ஆனால் ஆள் ஒருவரோடும் கதைப்பதில்லையாம். இரண்டு கைகளையும் ஏந்தியபடியே இருக்கிறானாம்.

அப்படியென்றால் அவள் அவனை மறித்துக் காப்பாற்றினாளா, இல்லை மற்றவனை எடுத்தாளா? யூட் இதை வைத்து ஒரு கிழமை தலையை உடைத்தான்.

பிறகு உடைக்கத் தேவையிருக்கவில்லை.

வெளியே பனி உறைந்து கிடந்த ஒரு காலை. நியூரம்பேர்க்கில் மூன்றாம் மாடி. கதவைத் திறந்தால், வெளியே அவன் சப்பாத்துக்கு அருகே பச்சைப் பிளாஸ்ரிக் செருப்பு. நனைந்திருந்தது.

கீழே ஓடினான். சிவமலர் அக்கா கதவைத் திறக்கவில்லை. உள்ளே நின்றபடி, "இஞ்சயும் ரெண்டு நாளாக் கிடந்ததடா. நான் கதவு திறக்கேல்ல. இப்ப மேல வந்திட்டுதோ?" என்று மட்டும் கேட்டார்.

யூட்டும் மூன்று நாள் திறக்கவில்லை. சங்கிலி போட்டு, பூட்டி, கதிரையும் முண்டு கொடுத்தான்.

இன்று காலை சங்கிலி போட்டபடி. பூட்டு பூட்டியபடி. கதிரை வைத்த இடத்தில்.

செருப்பு கதவுக்கு இந்தப் பக்கம்.

குசினியில் கருகிய ரொட்டி மணம். மேசையில் அவனுடைய கோப்பை, விளிம்புவரை தண்ணீர். தளும்பல் இன்னும் அடங்கவில்லை. குடித்தால் அவள் மனம் ஆறிப் போய்விடுவாள் என்று ஒரு யோசனை. குடித்தால் அடுத்த வாசலில் நிற்கப்போவது தானோ என்று இன்னொரு யோசனை. கோப்பையைக் கையில் எடுத்துவிட்டான், வாய்க்கு இன்னும் கொண்டுபோகவில்லை. கெதியாகச் சொல்லுங்கள், நீங்களென்றால் குடிப்பீர்களா?