இடது கண்ணும் இதேபோல்

காலை ஏழு மணிக்கு அம்மா திரையில் கட்டைவிரலை வைப்பாள். பச்சை விளக்கு எரிந்ததும் எழுந்து எனக்கு இடம் விடுவாள். அதன்பிறகு மாலைவரை அந்த நாற்காலி என்னுடையது. உரிமம் அம்மாவுக்கு. படிக்கிற கண் எனக்கு. வெளியே தெரிந்தால் இரண்டு பேருக்கும் ஆபத்து.

அம்மா மருத்துவக் குறியாளர். எங்கள் திருச்சியில் இன்னும் மெடிக்கல் கோடர் என்றுதான் சொல்கிறார்கள். இப்போது எல்லோருக்கும் ஓர் உடல்வரி உண்டு. பிறந்ததிலிருந்து உடம்புக்கு நடந்ததெல்லாம் எழுத்தும் எண்ணுமாக அதில் ஏறும். டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து ஒரு மனிதர் பொறுப்பேற்றுக் குறி போட வேண்டும் என்பது சட்டம். நோய் என்று போட்டால் சிகிச்சைக்குத் தானாக நாள் வரும். வரலாறு என்று போட்டால் அது முடிந்த கதை. அப்புறம் அதை யாரும் தொடமாட்டார்கள்.

கண்புரை எடுத்தவர்களுக்கு இசட் 98 என்ற வரலாற்றுக் குறி. வலக்கண்ணுக்கு ஓர் எண், இடக்கண்ணுக்கு இன்னோர் எண். "புரை இருக்குங்கறது வேற, இருந்துச்சுங்கறது வேற. அதுல மட்டும் கை தவறிடக் கூடாது மெர்லின்" என்று அம்மா முதல் நாளே சொல்லியிருந்தாள்.

அவளுக்கே இரண்டு கண்ணிலும் புரை. வயது நாற்பத்தாறுதான், வீசிங்குக்கு வருடக்கணக்கில் சாப்பிட்ட ஸ்டீராய்டு செய்த வேலை. வலக்கண்ணில் போன மாதம் புரையை எடுத்துவிட்டுக் கண்வில்லை வைத்தார்கள். இடக்கண்ணும் முடியும்வரை ஒரு நாளைக்கு நூற்றிருபது குறிப்பு அவளால் படிக்க முடியாது. நர்சிங் சீட்டுக்காகக் காத்திருந்த நான் உட்கார்ந்தேன்.

குறிப்புகளில் பெயர் இருக்காது. புதன்கிழமை மாலை ஆறு மணிக்குக் கடைசியாக ஒன்று வந்தது. வலக்கண் கண்புரை நீக்கம், வில்லை பொருத்தம். பக்கத்தின் அடியில், 'இடது கண்ணும் இதேபோல்' என்று இருந்தது. இரண்டு கண்ணுக்கும் வரலாறு என்று போட்டு அனுப்பிவிட்டு, பசியில் எழுந்து போனேன்.

வெள்ளிக்கிழமை அம்மாவைக் கண் மருத்துவமனைக்குக் கூட்டிப்போனேன். இடக்கண்ணுக்கு ஏன் இன்னும் நாள் வரவில்லை என்று கேட்கத்தான். திரையில் அம்மாவின் உடல்வரி வந்தது. இடக்கண்: புரை நீக்கப்பட்டது.

டாக்டர் ஹபீபா டார்ச் அடித்துப் பார்த்தார். மறுபடி திரையைப் பார்த்தார்.

"புரை அப்படியே இருக்கும்மா. எனக்கு நல்லாத் தெரியுது. எனக்குத் தெரிஞ்சு என்ன பண்ண, கத்திக்கரத்துக்குத் தெரியணுமே."

அறுவை செய்வது கத்திக்கரம் என்கிற இயந்திரம். உடல்வரியில் நோய் இருந்தால்தான் அதன் பூட்டு திறக்கும். டாக்டர்கள் கையில் கத்தி எடுத்துப் பதினைந்து வருடமாகிறது. எடுத்தால் அவர்களுக்குச் சிறை.

அவர் தன் குறிப்பைத் திறந்து காட்டினார். 'இடது கண்ணும் இதேபோல்.' பக்கத்தைப் புரட்டினார். அடுத்த பக்கத்தின் தலையில் ஒரே வரி: 'அடுத்த மாதம் செய்யப்பட வேண்டும்.'

நான் புரட்டாத பக்கம் அது.

குறி போட்டவர் எழுபத்திரண்டு மணி நேரத்துக்குள் கேட்டால்தான் மாற்ற முடியும், அதற்குப் பிறகு யாராலும் முடியாது என்று டாக்டர் சொன்னார். அந்தக் குறியைப் போட்டது நான்தான் என்று பஸ்ஸில்தான் அம்மாவிடம் சொன்னேன்.

"நூத்தி இருபது பேர்ல உனக்கு நான்தான் கெடச்சேனாடி" என்று சிரித்தாள்.

என்னால் சிரிக்க முடியவில்லை. திருத்தம் கேட்டால், குறி போட்ட நேரத்தில் திரைமுன் இருந்த முகத்தை எடுத்துப் பார்ப்பார்கள். அது என் முகம். அம்மாவின் உரிமம் போகும். என் உடல்வரியிலும் ஒரு குறி ஏறும்: அடுத்தவர் பெயரில் பொய் ஒப்பம் இட்டவர். அப்படிப்பட்டவரை எந்த மருத்துவமனையும் வாசலில் விடாது. எந்த நர்சிங் கல்லூரியும் சேர்க்காது.

சனிக்கிழமை ஐந்தரைக்குத் திருத்தப் படிவத்தை நிரப்பிவிட்டேன். பொத்தானை அழுத்துவதுதான் பாக்கி. அம்மா வந்து என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"என் லைசென்ஸ் போனா போகுது. உன் வரியில அது ஏற வேண்டாம்."

"அப்ப உன் கண்ணு?"

"அதான் ஒண்ணு இருக்குல்ல."

பிடித்த கையை அவள் விடவில்லை. திரையின் மூலையில் நிமிடங்கள் குறைந்துகொண்டே வந்தன. ஆறு மணிக்குப் பொத்தான் சாம்பல் நிறமாகிவிட்டது.

அன்று இரவு அம்மா உள்ளே தூங்கினாள். அவள் தடுத்ததால்தான் முடியவில்லை என்று யார் கேட்டாலும் சொல்லிவிடலாம். ஆனால் அவள் அழுத்திப் பிடிக்கவே இல்லை. வளையல் போடும்போது பிடிப்பாளே, அந்த அளவுதான். ஓர் இழுப்பில் கை வந்திருக்கும். அந்த அரைமணி நேரமும் எனக்கு அது தெரியும். நான் இழுக்கவில்லை.

இன்று காலை அம்மா கட்டைவிரலை வைத்துவிட்டு, தன் நாற்காலியைத் தூக்கி என் இடப்பக்கம் போட்டு உட்கார்ந்தாள். எப்போதும் வலப்பக்கம்தான் உட்காருவாள், புரைக்கண் என் பக்கமாக. ஏன் என்று கேட்டேன்.

"இங்கேருந்துதான் நீ தெரியற" என்றாள்.

முதல் குறிப்பு வந்தது. முழுக்கப் படித்தேன். கடைசிப் பக்கத்தையும் புரட்டினேன். அதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.