கறுத்துப்போன லூமை

ஊர் வழக்குகளில் துப்புத் துலக்கித் தருகிற தோர்வாவின் கதவை யாரும் தட்டவில்லை, உதைத்தார்கள். ஊர்மணி அடிக்கிற பிம்ரன் கஞ்சிக் கலயத்தைக் கீழே வைப்பதற்குள் கெத்ரா உள்ளே வந்து நின்றாள். கீழ்ப்பாறைக் கொல்லன் மகள். நெற்றி நடுவே கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு கறுப்புத் தீற்று.

"கழுவிட்டு வந்திருக்கலாமே தாயி" என்றான் பிம்ரன்.

"ஏன் கழுவணும்? வச்சவன் வந்து அழிக்கட்டும். அதுவரைக்கும் இது இங்கேயே இருக்கும்."

நெவ்ரா ஊர் முழுக்கத் தெரிந்த கதைதான். தொங்குபாலத்துக்குக் காவலராகிறவர் சபையில் உறுதிமொழி சொல்லி லூமை குடிக்க வேண்டும். முகிற்பழத்தைப் புளிக்கவைத்து எடுக்கும் பால்வெள்ளைப் பானம் அது. பொய்யர் கையில் அது கறுத்துவிடும் என்று ஊரே நம்பியது. கொல்லர்கள் வாழும் கீழ்ப்பாறையின் ஆட்கள் எவர் கையிலும் இதுவரை அது வெள்ளையாக நின்றதில்லை. இன்று காலை கெத்ரா கையிலும் கறுத்தது. பொழுது சாய்வதற்குள் அவள் ஊரைவிட்டுப் போக வேண்டும். இல்லையென்றால் துரத்தும் மணி அடிக்கப்படும். அடிக்க வேண்டியவன் பிம்ரன்.

"போகப்போறியா?" என்று கேட்டாள் தோர்வா. அவள் குரல் எப்போதும் இப்படித்தான், ஆறின பால் போல இருக்கும்.

"நான் எதுக்கு அக்கா போகணும்? அந்தப் பாலத்துச் சங்கிலி ஒவ்வொண்ணும் எங்கப்பன் அடிச்சது. மணியடிச்சாலும் சரி, மலை இடிஞ்சாலும் சரி, நான் நகர மாட்டேன். பொய் சொன்னது யாருன்னு நீங்க கண்டுபிடிச்சுக் குடுங்க."

"காலையில நடந்ததை வரிசையாச் சொல்லு."

"ராத்திரி பூரா மணல் போட்டு உடம்பைத் தேய்ச்சுக் குளிச்சேன். என் கிண்ணத்துல லூமை ஊத்தினாங்க. முதல்ல செத்தவங்க கல்லு மேல கொஞ்சம் விட்டேன். சாட்சிக் குரு உல்மாசர் கிண்ணத்துல கட்டைவிரலை முக்கி என் நெத்தியில இட்டார். உறுதிமொழியைச் சொல்ல ஆரம்பிச்சேன். அது நீளமாச்சே. சொல்லி முடிச்சுக் குனிஞ்சு பார்த்தா, கிண்ணம் கரி."

தோர்வா செருப்பை மாட்டிக்கொண்டாள்.

சபை மண்டப வாசலில் காவலாள் பிம்ரனை மறித்தான். இரும்பை வெளியே வைக்காமல் லூமை இருக்கும் இடத்துக்குள் எவரும் போக முடியாது. பிம்ரன் முனகிக்கொண்டே அரைக்கச்சையின் கொக்கியைக் கழற்றி வைத்தான். கால்சட்டையை ஒரு கையால் பிடித்துக்கொண்டே உள்ளே நடந்தான்.

"வானத்தாய்க்கு இரும்பு ஆகாதாம். என் கால்சட்டை அவுந்தா மட்டும் ஆகுமாக்கும்."

"நல்ல கேள்வி" என்றாள் தோர்வா. "ஏன் ஆகாது?"

பிம்ரன் விழித்தான். அதை இதுவரை யாரும் கேட்டதே இல்லை.

மண்டபத்தில் சபைத் தலைவி ஓஷ்னா இருந்தாள். உல்மாசர் இருந்தார். மேல்பாறையின் பெரிய வீட்டுக்காரர். காவலர் பதவிக்குக் காத்திருந்த இன்னொருவன் அவருடைய அண்ணன் மகன். வழக்கப்படி அவருடைய கட்டைவிரல் இலையில் சுற்றியிருந்தது. புதுக் காவலர் பாலம் ஏறும்வரை, அல்லது பொய்யர் எல்லை தாண்டும்வரை, சாட்சி அந்த விரலைக் கழுவக் கூடாது.

"இன்னும் கிளம்பலையா இவ? நேரமாகுது" என்றார் உல்மாசர்.

"உங்களுக்கு என்ன அவசரம் பெரியவரே? விரல் அரிக்குதா?" என்றாள் தோர்வா.

செத்தவர் கல்லிடம் போய்க் குனிந்தாள். காலையில் ஊற்றிய லூமை அதன் மேல் காய்ந்து கிடந்தது, சுண்ணாம்பு போல வெள்ளையாக.

"பிம்ரா, இது எந்தக் கிண்ணத்து லூமை?"

"இவளோடதுதான். அதோ, கறுத்துப்போய்க் கிடக்குதே, அதே கிண்ணம்."

"அப்போ லூமையில குத்தமில்ல, கிண்ணத்துல குத்தமில்ல, ஊத்தின இவ கையிலயும் குத்தமில்ல. அதுக்கப்புறந்தான் கறுத்திருக்கு. இவ நெத்தியும் கறுத்திருக்கு. நெத்தி கிண்ணத்தைத் தொடல, கிண்ணம் நெத்தியைத் தொடல. ரெண்டையும் தொட்டது எது?"

பிம்ரன் கால்சட்டையை விட்டுவிட்டுக் கை நீட்டப் போனான். நல்லவேளை, சட்டென்று பிடித்துக்கொண்டான். "கட்டைவிரல்!"

"பொய்க்காரியைத் தொட்டா விரல் என்ன, வானமே கறுக்கும்" என்றார் உல்மாசர்.

"நீங்க விரலைக் கிண்ணத்துல முக்கினது இவளைத் தொடுறதுக்கு முன்னால பெரியவரே. வாசல்ல இருக்கிற கொக்கியை யாராவது கொண்டுவாங்க."

மண்டபம் அதிர்ந்தது. ஓஷ்னா தயங்கித் தலையசைத்தாள். துருவேறிய கொக்கியைத் தோர்வா ஒரு கிண்ணம் புது லூமையில் போட்டாள். எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்க, வெள்ளை சாம்பலாயிற்று, சாம்பல் கரியாயிற்று.

"இவ்வளவுதான் விஷயம். கொல்லுப் பட்டறைக்காரன் நகக்கண்ணுல எப்பவும் துரு இருக்கும். கிண்ணத்தைப் பிடிச்சா ஒரு விரலாவது உள்ளே படும். அதுக்குப் பேரு பொய்யின்னு வச்சு, கீழ்ப்பாறையைத் தலைமுறை தலைமுறையா இறக்கி வச்சிருக்கீங்க. கெத்ரா மணலால தேய்ச்சுட்டு வந்ததால அவ கையில துரு இல்ல. அதனால வேற யாரோ கொண்டுவர வேண்டியதாப் போச்சு. இலையை அவுங்க பெரியவரே."

உல்மாசர் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டார். உறுதிமொழியில் கள்ளம் செய்யத் துணிந்த மனிதர், விரலைக் கழுவ மட்டும் துணியவில்லை. ஊர்க்கண் விரலின் மேல்தான் இருக்கும். ஓஷ்னாவே எழுந்து போய் இலையைப் பிரித்தாள். நகத்தைச் சுற்றிக் கறுப்புப் படிந்திருந்தது. நகத்தின் அடியில் செந்துரு அப்படியே அப்பியிருந்தது.

பிம்ரனுக்கு அழுகை முட்டியது. வெட்கப்படாமல் அழுதான்.

ஓஷ்னா தொண்டையைச் செருமினாள். "நடந்தது தப்புதான். கெத்ரா, புது லூமை ஊத்தச் சொல்றேன். இன்னொரு தடவை குடி. வெள்ளையா நின்னா பதவி உனக்கு."

"நின்னாவா?" கெத்ரா சிரித்தாள். கேட்டவர்களுக்கு அந்தச் சிரிப்பு பிடிக்கவில்லை. "கள்ளம் பண்ணினது அவரு, பரீட்சை எனக்கா? நல்லா இருக்கு உங்க நியாயம்."

கறுத்த கிண்ணத்தை எடுத்தாள். உறுதிமொழியை முதல் சொல்லிலிருந்து கடைசிச் சொல்வரை, நிறுத்தாமல், உரத்துச் சொன்னாள். பிறகு அண்ணாந்து அடிவரை குடித்தாள். உதடெல்லாம் கரி. அப்படியே லூமைப் பானையருகே போய், அந்தக் கொக்கியை எடுத்து அதற்குள் போட்டாள். ஒருவரும் தடுக்கவில்லை.

"இனிமே இந்த ஊர்ல லூமையோட நிறம் இதுதான். குடிக்கிறவங்க வந்து குடிங்க. குடிக்க மாட்டேங்கிறவங்க நான் காக்கிற பாலத்துல கால் வைக்காதீங்க."

மேல்பாறையில் பிறந்த பிம்ரன்தான் முதலில் கிண்ணத்தை நீட்டினான்.