நாற்பத்தொன்றாவது ஆட்டம்

பட்டியலில் நாற்பது ஆட்டங்கள்தான் இருக்க வேண்டும். ஹேமாவதி விரலால் தள்ளத் தள்ள, நாற்பதுக்கும் கீழே பெயரில்லாத ஒரு கட்டம் வந்து நின்றது. அதில் ஒரு சிறிய கதவின் படம்.

“நாப்பதுதான்கா அனுப்புனேன்,” என்றான் தினகரன், ஹெட்செட்டில். செல்போனுக்கான குட்டி விளையாட்டுகளை எழுதுபவன் அவன். ராஜகீழ்ப்பாக்கத்து வீட்டில் உட்கார்ந்தபடி அவற்றை ஆடிப் பிழை பிடிப்பவள் இவள். “மத்தியானம் செம சாப்பாடா? தூக்கத்துல எண்ணியிருப்பீங்க.”

“போடா. கண்ணு முன்னால இருக்கு. ஆடிப் பாத்துட்டு கூப்புடறேன்.”

கரண்ட் போயிருந்தது. மின்விசிறி நின்றுபோன ஹாலில் சாம்பார் வாசனையும் மழைக்கு முந்திய புழுக்கமும் கலந்து கனத்தன. உள்ளறையில் அவள் மகள், நான்கு வயது ஸஹானா, தூங்கிக்கொண்டிருந்தாள்.

கட்டத்தைத் தொட்டாள். மேலிருந்து பார்ப்பதுபோல ஒரு வீட்டின் வரைபடம். மூன்று கதவுகள். கடைசி அறையில் ஒரு வெள்ளைப் புள்ளி, வாசலில் ஒரு கறுப்புப் புள்ளி. ‘கதவை மூடு.’ குட்டி விளையாட்டின் சூட்சுமமே இதுதான்: ஒரே கட்டளை, ஒரே விரல், சில நொடிகள்; யோசிக்க இடம் தரக் கூடாது.

ஹேமாவதி மூடவில்லை. முதல்முறை வேண்டுமென்றே தோற்பது அவள் வழக்கம். ஜெயிக்கும் வழியை எழுதியவனே பத்துத் தடவை சரிபார்த்திருப்பான். பிழைகள் குடியிருப்பது தோற்கும் வழியில்தான்.

கறுப்புப் புள்ளி முதல் கதவைத் தாண்டியது.

அவள் முதுகுக்குப் பின்னால் வாசல் கதவின் கீல் நீளமாக முனகியது. காற்றாக இருக்கும். ஆனால் ஜன்னல் திரை அசையவில்லை. தோண்டிய மண்ணின் வாடையோடு ஏதோ ஒரு குளிர்ச்சி அவள் நாற்காலியை உரசிக்கொண்டு போனது.

இரண்டாவது கதவு. எதிரே சாப்பாட்டு அறைக் கதவு தானாகத் திறந்தது.

அப்போதுதான் வரைபடம் புரிந்தது. வளைந்த ஹால். மூலையில் குளியலறை. ஸஹானாவின் கட்டில் இருக்கும் இடத்தில் வெள்ளைப் புள்ளி.

ஓடினாள். ஓடியபடியே மூன்றாவது கதவை விரலால் இழுத்தாள். நகரவில்லை. விரல் பட்டதும் உண்டாகும் மெல்லிய மின்மாற்றத்தை வைத்துத்தான் திரை விரலை அறிகிறது. வியர்வை படர்ந்தால் அதற்குக் குழப்பம். நைட்டியில் துடைத்தாள். இழுத்தாள்.

உள்ளறைக் கதவு அவள் முகத்துக்கெதிரே படாரென்று சாத்திக்கொண்டது. உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது.

‘வெற்றி.’

கலர் காகிதங்கள் திரையில் உதிர்ந்து ஓய்ந்தன. அறைக்குள் இரண்டு புள்ளிகள்.

“ஸஹானா!” கதவை இரண்டு கைகளாலும் அறைந்தாள். “ஸஹானா!”

உள்ளே குழந்தை தூக்கக் கலக்கத்தில் யாரிடமோ சொன்னாள்.

“அம்மா... வெளிய யாரோ கத்தறாங்கம்மா.”

கறுப்புப் புள்ளி வெள்ளைப் புள்ளியை ஒட்டிப் படுத்துக்கொண்டது.