இடுப்பளவுத் தண்ணீர்

சனிக்கிழமை மத்தியானம் பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, பிரேமலதா வழக்கம்போல மடிக்கணினியைத் திறந்தாள். அம்பாசமுத்திரத்தில் காலையிலிருந்தே மூட்டம். மலைப்பக்கம் இடி உருண்டுகொண்டிருந்தது. அவள் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். மற்ற நேரங்களில் ‘பொருநைக் கரை’ என்ற இணைய மன்றத்தில் புது ஆட்களை வரவேற்பவள். தாமிரபரணியைப் பற்றி ஓயாமல் பேசிக்கொள்ளும் ஒன்றரை லட்சம் பேர் அதில் இருந்தார்கள். அவர்களில் பாதிப் பேருக்காவது முதல் ‘வாங்க’ சொன்னது அவள்தான்.

அன்று ஏழு பேர் சேர்ந்திருந்தார்கள். ஆறு பேருக்கு எழுதி முடித்து ஏழாவதைத் திறந்தாள்.

‘வணக்கம். நான் டார்லின், சாத்தான்குளம். ஞாயித்துக்கிழமை குடும்பத்தோட வாறோம். மருதமரத்துப் படித்துறையில இறங்கிக் குளிக்கலாமா, அக்கா?’

விரல் அப்படியே நின்றது.

இரண்டு வருடத்துக்கு முன்னால் இதே பேரில் இதே கேள்வி வந்திருந்தது. ஒரு எழுத்துகூட மாறவில்லை. அன்றைக்கு நாற்பது பேருக்கு மேல் காத்திருந்தார்கள். அந்த அவசரத்தில், ‘வாங்க டார்லின். தாராளமா இறங்கலாம், இடுப்பளவுத் தண்ணிதான்’ என்று பிரேமலதா தட்டிவிட்டாள். அந்தப் படித்துறைப் பக்கம் அவள் போய்ப் பத்து வருடம் ஆகியிருந்தது. நடுவில் யாரோ மணல் அள்ளி, கடைசிப் படிக்குக் கீழே ஆளை விழுங்கும் பள்ளம் விழுந்திருந்தது. அது அவளுக்குத் தெரியாது. தெரியாது என்று அவள் சொல்லவும் இல்லை.

அந்தப் பதிலை நம்பி இறங்கிய டார்லினின் உடல் மூன்றாம் நாள்தான் கிடைத்தது. இருபத்திரண்டு வயது.

செய்தியைப் படித்த அன்று சாயங்காலமே பிரேமலதா கேள்வியையும் பதிலையும் அழித்துவிட்டாள். பிறகு மன்றத்தில் முதல் ஆளாக ‘ஆழ்ந்த இரங்கல்’ என்று எழுதினாள். யாரும் எதுவும் கேட்கவில்லை.

இப்போது, திருநெல்வேலியிலிருந்து மன்றத்தை நடத்தும் ஹெப்ரானுக்குப் போன் போட்டாள்.

“தம்பி, இன்னைக்குப் புதுசா எத்தன பேரு?”

“ஆறு பேருதான்க்கா சேந்திருக்காவ. ஏன்?”

“ஏழாவதா ஒண்ணு இருக்கே.”

“இங்கன ஒண்ணும் காணலியே. உடம்புக்கு முடியலையா? குரலே ஒரு மாதிரி இருக்கு.”

அவள் போனை வைத்தாள். அறைக்குள் பாசி வாடை அடித்தது. வெயில் படாத படியிடுக்கில் அழுகிக் கிடக்கும் பாசியின் வாடை. கணினி மேல் வைத்திருந்த விரலை எடுத்துப் பார்த்தாள். ஈரம். எழுத்துக் கட்டைகளின் இடுக்கிலிருந்து தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது. அதோடு பொடி மணலும்.

திரையில் இன்னொரு வரி வந்தது.

‘அக்கா, இடுப்பளவுதானே?’

பட்டென்று மூடினாள்.

மூடிய கணினிக்குள் சளக், சளக் என்று கேட்டது. யாரோ தண்ணீருக்குள் காலால் துழாவி அடுத்த படியைத் தேடுகிறார்கள்.

சளக்.

படி அகப்படவில்லை.

அதற்கு மேல் பிரேமலதாவால் தாங்க முடியவில்லை. கணினியைத் திறந்து, ஒன்றரை லட்சம் பேரும் பார்க்கும் இடத்தில் எழுதினாள்: ‘டார்லின் கேட்டுவிட்டுத்தான் இறங்கினாள். இறங்கலாம் என்று சொன்னது நான். விசாரிக்காமல் சொன்னேன். பிறகு அதை அழித்தேன்.’

சத்தம் நின்றது.

பொழுது சாயும் நேரம் தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு வந்தது.

“நான் டார்லினோட அம்மா பேசுதேன். நீங்க எழுதுனதப் பாத்துட்டு மன்றத்துல கேட்டு நம்பர் வாங்குனேன்.” மெல்லிய குரல். “எம்மவ திமிருல எறங்குனான்னு ரெண்டு வருசமா அவ அப்பாவே சொல்லுதாவ. அவ கேட்டுட்டுத்தான் எறங்குனா. அப்படித்தானே?”

“ஆமாம்மா. என்கிட்டதான் கேட்டா.”

“இத அன்னைக்கே சொல்லியிருக்கலாமே, டீச்சர்,” என்றாள் அந்த அம்மா. ஏசவில்லை. போனை வைத்துவிட்டாள். ஏசியிருந்தால் தேவலை என்று இருந்தது பிரேமலதாவுக்கு.

அன்றே மன்றத்திலிருந்து தன் பேரை எடுத்துவிடச் சொன்னாள். ஹெப்ரான் மறுபேச்சு பேசாமல் எடுத்தான். ஒரு வாரம் அவள் கணினியைத் தொடவில்லை.

மறுவாரம் ஞாயிற்றுக்கிழமை காலையில் அவனே கூப்பிட்டான். பக்கத்தில் யாரோ இருப்பதுபோல் அடக்கிப் பேசினான்.

“அக்கா, நீங்க போனப்பொறவு அந்த வேலைக்கு நான் ஆளே போடல. ஆனா இந்த வாரம் சேந்த அத்தன பேருக்கும் வரவேற்பு போயிருக்கு. எழுதுனவுக பேரு இருக்க வேண்டிய இடம் காலியா கெடக்கு.”

“என்ன எழுதியிருக்கு?”

ஹெப்ரான் பைய வாசித்தான்.

“‘வாங்க. ஆத்துல எறங்குமுன்ன என்கிட்ட ஒரு வார்த்த கேளுங்க. எங்கன எவ்வளவு ஆழம்னு எனக்குத் தெரியும்.’”