பூஜ்யத்துக்குக் கீழே

படகு பின்னால் போனது.

யாரும் ஊதவில்லை. வாண்டு தலையணையில் சாய்ந்து, கன்சோலை வயிற்றின்மேல் நிறுத்திப் பிடித்தபடி, அடுத்த மூச்சுக்காக வாயைக் குவித்து வைத்திருந்தாள். அவன் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து மகளின் தோள்பட்டை ஏறி இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தான். உள்ளங்கை அகலத் திரையில், நீலத் தண்ணீருக்கு நடுவே நின்ற சிவப்புப் படகு, யாரோ நூல் கட்டி இழுப்பதுபோல, கிளம்பிய கரையை நோக்கி மெதுவாக நகர்ந்தது.

"அப்பா, படகு வீட்டுக்குப் போகுது."

"நீ ஊதலைன்னா அதுக்கு போரடிக்குது. ஊது."

அவள் ஊதினாள். படகு முன்னால் பாய்ந்தது. ஊதி முடித்து, இருமி, சிரித்து, அமைதியானதும் மறுபடி பின்னால் வந்தது. அவளுக்கு அது விளையாட்டின் ஒரு பகுதி. அவனுக்கு அப்படித் தோன்றவில்லை. ஏன் என்று அப்போது சொல்லியிருக்க முடியாது.

நுரையீரலில் சளி கட்டி ஆஸ்பத்திரியில் கிடந்துவிட்டு வந்த பிள்ளை. தினமும் ஊத வைக்கவேண்டும், இல்லாவிட்டால் திரும்பவும் படுக்க நேரும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதற்காக வாங்கிய மூன்று பந்து போட்ட பிளாஸ்டிக் டப்பாவை அவள் இரண்டு முறை ஜன்னல் வழியாக எறிந்துவிட்டாள். கடைசியில் மச்சினன்தான் வழி சொன்னான். மனைவியின் தம்பி, வேறு ஊரில் புரோகிராம் எழுதிப் பிழைப்பவன். மைக் வைத்த பழைய கையடக்க கன்சோல் ஒன்றைத் தேடி வாங்கச் சொன்னான். மைக்கில் ஊதினால் படகு ஓடுகிற மாதிரி ஒரு கேமைத் தானே எழுதி அனுப்பினான். ஆனால் கம்பெனி விற்கிற கேம்களைத் தவிர வேறெதையும் அந்தக் கன்சோல் ஏற்காது. வீட்டில் எழுதியதை, ஹோம்ப்ரூ என்கிறார்களே அதை, ஓட்ட வேண்டுமென்றால் முதலில் அதன் பூட்டைத் திறக்கவேண்டும்.

அன்று காலை மனைவி மகளை டாக்டரிடம் காட்டக் கூட்டிப்போன நேரத்தில் அவன் அதைச் செய்தான். மச்சினன் போனில் வழி நடத்தினான்.

"மாமா, சார்ஜ் முழுசா இருக்கா பாத்துக்குங்க. நடுவுல அணைஞ்சா கன்சோல் செங்கல்."

"செங்கல்னா?"

"செங்கல்னா செங்கல்தான். நாலு சேத்தா சுவர் வைக்கலாம்."

மெமரி கார்டைக் கழற்றி லேப்டாப்பில் செருகி கோப்புகளை ஏற்றினான். மறுபடி கன்சோலில் போட்டு, மேல் பட்டன் இரண்டையும் அழுத்திக்கொண்டே ஆன் செய்தான். கருப்புத் திரையில் வெள்ளை எழுத்துகள் ஓடின. அது அவனுக்குப் பழக்கமான காட்சிதான். சர்வர் அறையில் வருடக்கணக்காக ராத்திரி முழுக்க அதைத்தான் பார்த்திருந்தான். மகளை ஆஸ்பத்திரியில் சேர்த்த வாரம் ஒரு ராத்திரி வேலைக்குப் போகவில்லை. மறுநாளும் போகவில்லை. அவ்வளவுதான். ராஜினாமா என்று ஒன்று எழுதக்கூட இல்லை.

"கடைசியா ஒண்ணு," என்றான் மச்சினன். "வாண்டு எங்க வச்சு ஊதுவாளோ அங்கயே கன்சோலை வைங்க. ரூம்ல யாரும் இருக்கக் கூடாது. கதவைச் சாத்திட்டு வெளிய வந்துடுங்க. சும்மா இருக்கிற ரூமை அது கொஞ்ச நேரம் கேக்கும். அந்த அமைதிதான் அதுக்கு பூஜ்யம். அதுக்கு மேல வர்றதெல்லாம் ஊதறது."

அப்படியே செய்தான். தலையணையில் வைத்து, கதவைச் சாத்தி, ஹாலில் நின்றான். உள்ளே பீப் என்றதும் போய் எடுத்துக்கொண்டான்.

மதியம் மனைவி மகளைக் கொண்டுவந்து விட்டாள். செருப்பைக் கூடக் கழற்றவில்லை. அவளுக்கு வேலைக்கு நேரமாகியிருந்தது.

"நெஞ்சு கண்ணாடி மாதிரி இருக்காம். ராத்திரி விசில் மாதிரி இழுக்குதே டாக்டர்னேன். இந்த நெஞ்சுல இருந்து அப்படிச் சத்தம் வராதும்மான்னுட்டாரு."

"அப்ப உன் மூக்குல இருந்து வருதோ என்னவோ."

"உங்க குறட்டைக்கு முன்னாடி என் மூக்கெல்லாம் எம்மாத்திரம்," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.

இப்போது படகு பின்னால் போகிறது.

வாண்டுவைப் பாத்ரூமுக்கு அனுப்பிவிட்டு, கன்சோலைத் தலையணையில் சாய்த்து வைத்துவிட்டு, ஹாலுக்கு வந்து மச்சினனை அழைத்தான்.

"பின்னாடியா? பின்னாடி போறதுக்கு நான் எழுதவே இல்லையே. இருங்க." கீபோர்டு தட்டும் சத்தம் கேட்டது. "ஓ. என் சோம்பேறித்தனம் மாமா. பூஜ்யத்துக்குக் கீழ போனா நில்லுன்னு ஒரு வரி எழுதியிருக்கணும். விட்டுட்டேன்."

"பூஜ்யத்துக்குக் கீழன்னா என்னடா?"

"காலைல அது கேட்ட அமைதியை விட இப்ப ரூம் அமைதியா இருக்குன்னு அர்த்தம். காலைல ஃபேன் ஓடியிருக்கும்."

"அந்த ரூம்ல ஃபேனே போடறதில்ல. பிள்ளைக்கு இருமல்."

"அப்ப ஃப்ரிட்ஜு, தண்ணி மோட்டாரு, ஏதோ ஒண்ணு. காலைல ஒரு சத்தம் இருந்திருக்கு, இப்ப அது நின்னுடுச்சு. பேய் பிசாசுன்னு ஆரம்பிச்சுடாதீங்க. வேலையை விட்டவங்க கண்ணுலதான் அதெல்லாம் முதல்ல படுமாம்."

அவன் சிரித்துக்கொண்டே போனை வைத்தான். சிரிப்பு முகத்தில் இருக்கும்போதே கதவிடுக்கு வழியாகப் பார்த்தான்.

அறை இருட்டாக இருந்தது. அவன் ராத்திரி வேலைக்குப் போன காலத்தில் பகலில் தூங்குவதற்காக ஜன்னலில் அடித்த கெட்டியான கருப்புத் துணி இன்னும் அங்கேயே இருந்தது, கழற்றச் சோம்பல். தைலமும் இருமல் மருந்தும் வேர்வையும் கலந்த வாடை, திறக்காத பெட்டியின் வாடைபோல, இடுக்கு வழியாக வந்தது. தலையணைமேல் கன்சோலின் நீல வெளிச்சம். அதில் படகு தண்ணீருக்கு நடுவே நின்றது. அசையவில்லை. காலையில் கேட்ட அதே அமைதி. பூஜ்யம்.

கதவைத் தள்ளி உள்ளே கால் வைத்தான்.

படகு பின்னால் நகர்ந்தது.

வெளியே வந்தான். சற்றுப் பொறுத்துப் பார்த்தான். நின்றது. மறுபடி உள்ளே போனான். பின்னால் போனது. தரையைத் தட்டிப் பார்த்தான். அந்தத் தட்டலுக்கு மட்டும் படகு முன்னால் துள்ளியது, பிறகு பின்வாங்கியது. கன்சோல் சரியாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தது. அதுதான் அவனுக்குப் பிடிக்கவில்லை. ஓர் ஆள் அறைக்குள் வந்தால் சத்தம் கூட வேண்டும். செருப்பு, துணி, மூச்சு, ஏதாவது. இங்கே ஆள் வந்தால் சத்தம் குறைகிறது.

ஆள் வந்ததும் நிற்கிற சத்தம் எது?

பதில் தானாகவே வந்தது. மகளோடு கண்ணாமூச்சி ஆடிய எல்லா அப்பனுக்கும் தெரிந்த பதில். கதவுக்குப் பின்னால் ஒளிந்திருக்கிறவள், காலடி கிட்டே வந்ததும், மூச்சை அடக்கிக்கொள்வாள்.

அவன் ஹாலின் சுவரில் சாய்ந்துகொண்டான். ராத்திரிதோறும் அந்த அறையிலிருந்து கேட்கும் விசில் நினைவுக்கு வந்தது. மெல்லிசாக, நீளமாக, முடிவில் லேசாக உடைகிற இழுப்பு. அவனும் மனைவியும் பக்கத்து அறையில் கண் விழித்துக் கிடந்து, பாவம் பிள்ளை என்று பேசிக்கொண்டது. எழுந்து போய்ப் பார்க்கும்போதெல்லாம் சத்தம் நின்றிருந்தது. நம் காலடி கேட்டே பிள்ளைக்கு ஆறுதல் வருகிறது என்று நம்பியது. இந்த நெஞ்சிலிருந்து வராது என்கிறார் டாக்டர். அதே அறையில், அதே கட்டிலில், காதில் பஞ்சு அடைத்துக்கொண்டு, எத்தனை வருடப் பகல்களை அவன் தூங்கிக் கழித்திருக்கிறான்.

சமையலறைக்குப் போய் மனைவியை அழைத்தான்.

"கிளம்பி வா."

"வாண்டுக்கு என்ன?"

"ஒண்ணும் இல்ல. வா."

"ஒண்ணும் இல்லாததுக்கா பாதியில எழுந்து வரணும்?" என்றவள் அவன் மூச்சைக் கேட்டாள் போல. குரல் மாறியது. "வரேன். போனை வைங்க."

திரும்பி ஹாலுக்கு வந்தபோது பாத்ரூம் கதவு திறந்து கிடந்தது. விளக்கு எரிந்தது. உள்ளே யாருமில்லை.

படுக்கையறைக் கதவு பாதி சாத்தியிருந்தது.

இடுக்கு வழியாகப் பார்த்தான். வாண்டு கட்டிலில் மல்லாந்து தூங்கிவிட்டிருந்தாள். ஊதிய களைப்பு. கன்சோல் அவள் கைக்குள் இருந்தது. அதன் வெளிச்சம் அவள் தாடையில் நீலமாக விழுந்தது. வாய் மூடியிருந்தது.

விசில் கேட்டது.

மெல்லிசாக. நீளமாக. மகளின் வயிறு இறங்கும்போது அது ஏறியது. வயிறு ஏறும்போது விசில் நின்றது. இரண்டு பேர் ஒரே பாயில் தூங்கும்போது மூச்சுகள் ஒன்றோடொன்று ஒத்துப்போகாமல் வருமே, அப்படி. படகு நகராமல் நின்றது. கன்சோலுக்கு அது சத்தமே அல்ல. அதற்கு அதுதான் அந்த அறை.

ஓடிவிடு என்றது கால். கட்டிலில் கிடப்பது அவன் பிள்ளை.

கதவைத் தள்ளினான்.

விசில் பாதியில் அறுந்தது.

படகு பின்னால் போனது. வேகமாக.

கட்டில்வரை நாலடி. எந்தப் பக்கமும் பார்க்கவில்லை. அலமாரியைப் பார்க்கவில்லை. கட்டிலுக்கு அடியில் பார்க்கவில்லை. போர்வையோடு வாரி எடுத்தான். கன்சோல் அவள் விரல்களில் தொங்கியது. ஹால். வாசல். கதவை இழுத்துச் சாத்தினான். பூட்டினான். சாவியைக் கையிலேயே வைத்துக்கொண்டான்.

மாடிப்படியில் பகல் வெளிச்சம் இருந்தது. கம்பி வைத்த கண்ணாடி ஜன்னல், திறக்கவே முடியாதது. பெயின்ட் அடித்து இறுகிப்போயிருந்தது. எல்லா வீட்டுக் கதவும் சாத்தியிருந்தது. எல்லோரும் வேலைக்குப் போயிருந்தார்கள். படியில் உட்கார்ந்து மகளை மடியில் மல்லாத்திக் கிடத்தினான். அவள் புரண்டு, முனகி, எழாமலே தூங்கினாள். மூச்சு சீராக வந்தது. கண்ணாடி மாதிரி.

பூட்டிய கதவைப் பார்த்தான். அசைவில்லை.

கன்சோலை அவள் விரல்களிலிருந்து எடுத்தான். இனி அது வேண்டாம் என்றுதான் எடுத்தான். ஆனாலும் தெரிந்துகொள்ளாமல் இருக்க முடியவில்லை. பூஜ்யத்தைப் புதிதாக அளக்கும் பட்டனை அழுத்திவிட்டு, அவள் நெஞ்சுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, தன் மூச்சை அடக்கிக்கொண்டான். கேட்கட்டும். படிக்கட்டு, பிள்ளையின் மூச்சு, கீழே தெருவில் போகிற வண்டி. இதுதான் பூஜ்யம். இதில் வேறு எதுவும் இல்லை.

பீப்.

சிவப்புப் படகு தண்ணீருக்கு நடுவே நின்றது. பின்னால் போகவில்லை. அவன் அடக்கிய மூச்சை விட்டான். அந்தக் காற்றுக்குப் படகு ஓரடி நகர்ந்தது. சிரிப்பு வந்தது. வேலையை விட்டவன் கண்ணில்தான் படுமாம். மனைவி வந்ததும் என்ன சொல்வது என்று யோசித்தான். ஏதாவது சொல்லலாம். அந்த அறை வேண்டாம், வேறு வீடு பார்க்கலாம் என்று மட்டும் சொல்லலாம்.

இன்னொரு முறை பார்த்துவிடலாம் என்று மறுபடி மூச்சை அடக்கினான். மகளின் முகத்துக்கு மேல் குனிந்து, திரையைப் பார்த்தான்.

படகு நின்றது.

பிறகு கிளம்பியது. முன்னால்.

மெதுவாக. ஒரு நீளம் போய் நின்றது. மறுபடி ஒரு நீளம். மறுபடி நின்றது.

தெருவில் வண்டி எதுவும் இல்லை. ஜன்னல் மூடியிருந்தது. அவன் வாய் மூடியிருந்தது. மூக்கையும் விரலால் பிடித்துக்கொண்டான். படகு நகர்ந்தது.

மகளின் நெஞ்சைப் பார்த்தான். அது இறங்கும்போது படகு நின்றது. ஏறும்போது போனது.

அவள் நெற்றியைப் பார்த்தான்.

அவன் முகத்துக்கும் அவள் நெற்றிக்கும் நடுவே ஒரு சாண் இடம். அவ்வளவுதான். அங்கே வெளிச்சம் மட்டும் இருந்தது.

நெற்றியில் ஒட்டியிருந்த முடி மெல்ல எழுந்து, பிரிந்து, ஒதுங்கியது. படிந்தது.

எழுந்தது.